கூலிக்கு மாரடிக்கும் காலம்

 

'கூலிக்கு மாரடிப்பது' என்றொரு வழக்கு நம் தமிழில் உண்டு. சாவு வீட்டிற்குக் கூலி பேசி வந்து, இறந்தவர் இன்னார் என்றே அறியாமல் மார்பில் அறைந்துகொண்டு ஒப்பாரி வைக்கும் வழக்கத்திலிருந்து பிறந்த சொல் அது. மார்க்கம் அவ்வழக்கத்தை வெறுத்து ஒதுக்கிற்று. எனினும் அந்த ஏழைப் பெண்கள் சார்பாக ஒன்று சொல்லியாக வேண்டும். அவர்கள் கூலிக்குத்தான் அழுகிறார்கள் என்பது அழைத்து வந்தவருக்கும் தெரியும், கூடியிருந்த ஊராருக்கும் தெரியும். எவரையும் ஏமாற்றும் எண்ணம் அவர்களுக்கு இருந்ததில்லை. இன்று நம் இல்லங்களில் கைபேசித் திரைக்குள் அமர்ந்து அழுகின்றவர்களிடம் அந்த நாணயத்தைக் காண்பது அரிதாகிவிட்டது.

நீங்களும் பார்த்திருப்பீர்கள். ஓர் இளைஞர் விம்மி விம்மி அழுகிறார். 'இனிமேல் நான் வீடியோ போடப் போவதில்லை' என்கிறார். முகப்புப் படத்தில் அவரது கன்னத்து நீர்த்துளியைச் சுற்றிச் சிவப்பு வட்டம் ஒன்று வரையப்பட்டிருக்கிறது. ஒரு வாரம் கழித்துப் புதிய வீடியோவுடன் அவரே வந்து நிற்கிறார். அந்த அழுகை முழுவதும் பொய் என்று நான் சொல்ல மாட்டேன். உள்ளத்தில் உண்மையாகவே துயர் இருந்திருக்கலாம். ஆனால் அந்தத் துயருக்கும் நாம் கண்ட கண்ணீருக்கும் இடையே நடந்தவற்றை எண்ணிப் பாருங்கள். அவர் எழுந்து சென்று முக்காலியை நிறுத்தினார். கைபேசியை அதில் பொருத்தினார். முகத்தில் வெளிச்சம் விழுகிறதா என்று சரிபார்த்தார். பதிவைத் தொடக்கிவிட்டு வந்து அமர்ந்தார். அதன் பின்னர் அழுதார். அழுது முடித்ததும், வேண்டாத பகுதிகளை வெட்டி, சோக இசையைச் சேர்த்துத் தலைப்பும் எழுதினார். இத்தனை வேலைகளுக்கும் ஈடுகொடுத்துத் தாங்கி நிற்கும் துயரம் எத்தகைய துயரம்?

அழுகை சாட்சியாகாது என்பதை நம் முன்னோர் நன்கு அறிந்திருந்தனர். நபி யூசுஃப் (அலை) அவர்களைப் பாழுங்கிணற்றில் எறிந்துவிட்டு, சட்டையில் பொய் இரத்தம் தோய்த்து, இரவு நேரத்தில் தந்தையிடம் அழுதுகொண்டு வந்த சகோதரர்களின் வரலாற்றைத் திருக்குர்ஆன் நமக்கு எடுத்துரைக்கிறது. கூஃபா நகரின் புகழ்பெற்ற நீதிபதி ஷுரைஹ் அவர்களிடம் ஒரு பெண் அழுதபடி வழக்குரைக்க வந்தாளாம். உடனிருந்த இமாம் ஷஅபீ, இவள் அநீதி இழைக்கப்பட்டவளாகத்தான் இருக்க வேண்டும் என்று இரங்கினார். யூசுஃபின் சகோதரர்களும் இரவில் அழுதுகொண்டுதான் வந்தார்கள் என்று ஷுரைஹ் நினைவூட்டினார் என நூல்களில் காணப்படுகிறது. கண்ணீரைப் பார்த்த மாத்திரத்தில் தீர்ப்பெழுதி விடாத அந்த நிதானம், விரல் நுனியில் பொத்தானை வைத்திருக்கும் நமக்கு இருக்கிறதா?

இல்லாது போனால் என்ன நேரும் என்பதை 2023-ஆம் ஆண்டு மார்ச் மாதத்தில் தமிழகம் கண்டது. வடமாநிலத் தொழிலாளர்கள் தமிழகத்தில் அடித்துக் கொல்லப்படுகின்றனர் என்று கூறும் காணொளிகள் பீகார் முழுவதும் பரவின. தமிழகக் காவல்துறை அவற்றைத் திட்டவட்டமாக மறுத்தது. பீகார் அரசு தன் அதிகாரிகள் குழுவொன்றை நேரில் அனுப்பிப் பார்த்தது. வேறு காரணங்களால் நிகழ்ந்த பழைய சண்டைகளின் காட்சிகளே தொழிலாளர் மீதான தாக்குதல் எனப் பெயர் சூட்டி உலவ விடப்பட்டன என்பது தெரியவந்தது. அவற்றினும் கொடியதொரு காணொளியும் இருந்தது. காயக்கட்டுகளுடன் தோன்றித் துயரம் பேசிய மனிதர்களைக் கொண்ட அந்தக் காட்சி, தமிழகத்தில் எடுக்கப்பட்டதன்று. பாட்னா நகரில் ஒரு வாடகை வீட்டில் நடிக்க வைத்துப் பதிவு செய்யப்பட்டது என்று பீகார் காவல்துறையே அறிவித்தது. மணீஷ் காஷ்யப் என்ற யூடியூபர் உள்ளிட்டோர் மீது வழக்குகள் பதிவாயின. அவர் அதே மாதம் சரணடைந்தார். தேசியப் பாதுகாப்புச் சட்டத்தின் கீழ் அவர் மீது பிறப்பிக்கப்பட்ட தடுப்புக் காவல் ஆணையைப் பின்னர் 2023 நவம்பரில் உயர்நீதிமன்ற மதுரைக் கிளை ரத்து செய்தது என்பதையும் சொல்லிவிடுவது நியாயம்.

வழக்கு ஒருபுறம் இருக்கட்டும். ஓசூர் சிப்காட் பகுதியில், ஜூஜுவாடியில், எல்லைக்கு அப்பால் அத்திப்பள்ளியில் ஒரே அறையில் நெருங்கி வாழும் வடமாநிலப் பிள்ளைகள் எத்தனை பேர்! இரவுப் பணி முடித்து வந்து படுத்தவனுக்கு ஊரிலிருந்து தாய் அழைக்கிறாள். உயிரோடு இருக்கிறாயா என்று கேட்கிறாள். அவள் கண்ணீர் உண்மையான கண்ணீர். அதை வரவழைத்ததோ நடிகனின் கண்ணீர்! ஹோலிப் பண்டிகையை ஒட்டிய அந்த நாட்களில் தமிழகத்தின் இரயில் நிலையங்களில் மூட்டை முடிச்சுகளோடு நின்றவர்களில் பண்டிகைக்குச் சென்றவர் எத்தனை பேர், அஞ்சிச் சென்றவர் எத்தனை பேர் என்று யார் பிரித்துச் சொல்ல முடியும்?

நம் வட்டாரத்திற்கு இந்த வேலை புரியாத வேலையன்று. காலம் குறித்து உணர்ச்சியை விளைவிப்பது எப்படி என்பதை ஓசூர் ரோஜாத் தோட்டக்காரரிடம் கேட்டால் சொல்வார். பிப்ரவரி 14 அன்று வெளிநாட்டில் யாரோ ஒருவர் யாரோ ஒருவருக்குக் கொடுக்கப் போகும் 'தாஜ்மஹால்' ரோஜாவிற்கு, இங்கே டிசம்பரிலேயே கவாத்து செய்துவிடுவார்கள். மொட்டு இன்ன நாளில் இன்ன அளவில் இருக்க வேண்டும் என்பது கணக்கு. தோட்டக்காரரைக் குறை கூற ஏதுமில்லை. அவர் பூவை விற்கிறார், தம் நெஞ்சை விற்கவில்லை.

திரையில் தோன்றுபவரின் கணக்கோ வேறு. முகநூல் நிறுவனம் 2009 பிப்ரவரியில் 'லைக்' பொத்தானை அறிமுகப்படுத்தியது. நமக்கு அது ஒரு கட்டைவிரல். இட்டவருக்கு அது எண்ணிக்கை. யூடியூபில் விளம்பர வருவாயில் பங்கு பெற வேண்டுமாயின் 1,000 சந்தாதாரர்களும், 12 மாதங்களில் 4,000 மணிநேரப் பார்வையும் வேண்டும். குறுங்காணொளிகளாயின் 90 நாட்களில் 1 கோடிப் பார்வைகள் வேண்டும். 2020 ஜூன் 29 அன்று மத்திய அரசு டிக்டாக் உள்ளிட்ட 59 செயலிகளைத் தடை செய்தது. தீமை தொலைந்தது என்று பலர் பெருமூச்சு விட்டனர். அடுத்த மாதமே இன்ஸ்டாகிராமில் 'ரீல்ஸ்' வந்தது. செப்டம்பரில் யூடியூப் 'ஷார்ட்ஸ்' வந்தது. ஆடியவர்கள் மேடை மாறினர், அவ்வளவே.

இதில் உட்புகுந்து காண வேண்டிய இடம் ஒன்றுண்டு. பார்வையாளர் எந்த நொடியில் ஒட்டி நின்றார், எந்த நொடியில் விலகிப் போனார் என்பதை யூடியூப் நிறுவனம் ஒரு கோடாக வரைந்து, காணொளியை இட்டவருக்குக் காட்டுகிறது. தொழிற்சாலை மேற்பார்வையாளர் உற்பத்திக் கணக்கைப் பார்ப்பது போல அவர் தினமும் அதைப் பார்க்கிறார். சமையல் குறிப்பு சொன்னபோது கோடு சரிந்தது. மாமியாரைப் பற்றிச் சொல்லிக் குரல் தழுதழுத்தபோது கோடு நிமிர்ந்தது. அடுத்த வீடியோவில் குரல் முதல் நிமிடத்திலேயே தழுதழுக்கிறது. அதற்கடுத்த வீடியோவில் சமையலே இல்லை! எவரும் அவரிடம் 'நடி' என்று கட்டளையிடவில்லை. கோடு ஒன்றே போதுமானதாக இருந்தது.

ஆர்லி ஹோக்ஷீல்ட் என்ற அமெரிக்கச் சமூகவியல் அறிஞர் 1983-இல் வெளியிட்ட நூலொன்றில் விமானப் பணிப்பெண்களின் புன்னகையை ஆராய்ந்தார். உணர்ச்சியும் உழைப்பாக்கப்பட்டுச் சம்பளத்திற்கு விற்கப்படும்போது, நாளடைவில் தன் உண்மையான உணர்ச்சி எது என்பதே அவ்வுழைப்பாளிக்குப் புலப்படாமல் போகக்கூடும் என்பது அவர் கண்ட முடிவுகளுள் ஒன்று. அப்பணிப்பெண்ணுக்காவது விமானம் தரையிறங்கியதும் சீருடையைக் களைந்துவிட்டுச் சிடுசிடுக்க உரிமை இருந்தது. வீட்டையே மேடையாக்கிக் கொண்டவருக்கு ஷிப்டு முடிகின்ற நேரம் எது?

சென்ற மாதம் பர்கூர் பக்கத்திலிருந்து ஒரு தாய் கடிதம் எழுதியிருந்தார். அவருடைய மகளுக்குப் பத்தொன்பது வயது. ஓசூரில் மின்னணுத் தொழிற்சாலை ஒன்றில் வேலை, விடுதியில் வாசம். பாட்டியார் மௌத்தானபோது விடுப்புக் கிடைக்கத் தாமதமாகி, அடக்கம் முடிந்த பின்னரே வந்து சேர்ந்தாள். விடுதிக்குத் திரும்பிய இரவில் பாட்டியை நினைத்து அழுது, அதைப் பதிவு செய்து இட்டிருக்கிறாள். இரண்டு இலட்சம் பேர் பார்த்தனராம். முன்பின் அறியாதவர்கள் எல்லாம் ஆறுதல் எழுதினர். அதற்குப் பின் பாட்டியைப் பற்றியே நான்கு வீடியோக்கள். கடைசி வீடியோவை யாரும் சீந்தவில்லை. 'ஹஜ்ரத், அவள் பாட்டிக்காக அழுததை விட அன்றுதான் அதிகம் அழுதாள்' என்று எழுதிவிட்டு, 'இது முகஸ்துதியில் சேருமா? பாவமா?' என்று கேட்டிருந்தார் அத்தாய்.

அந்தப் பெண்பிள்ளையைக் கடிந்துகொள்ள எனக்கு மனம் வரவில்லை. அவள் நெஞ்சிலிருந்த நிய்யத்தை அல்லாஹ் அறிவான். அதை எடைபோடும் தராசு என்னிடமில்லை. முதல் வீடியோவில் அவள் அழுத அழுகை பாட்டிக்காக அழுததே என்றுதான் நான் நம்புகிறேன். என் கேள்வியெல்லாம் அவளைச் சுற்றியிருந்த நம்மைப் பற்றியது. பதினெட்டு வயதில் வீட்டைவிட்டு வந்து, நின்றுகொண்டே எட்டு மணிநேரம் வேலை பார்த்து, ஊருக்குப் பணம் அனுப்பும் பிள்ளையிடம் நாம் பேசுவதென்ன? சம்பளம் வந்ததா, சாப்பிட்டாயா, எப்போது வருகிறாய். இம்மூன்று கேள்விகளோடு தொலைபேசி வைக்கப்படுகிறது. 'நீ செய்வது பெரிய காரியம், மகளே!' என்று அத்தா ஒருமுறை சொல்லியிருப்பாரா? தன் தோழர்களின் நற்பண்புகளைப் பெயர் சொல்லிப் பாராட்டிய நபியின் உம்மத்தினர் நாம். ஆனால் பிள்ளையைப் புகழ்ந்தால் கண்பட்டுவிடும், தலைக்கனம் ஏறிவிடும் என்று வாயை மூடிக்கொள்ளும் பழக்கம் நம் வீடுகளில் ஊறிவிட்டது. வீட்டில் கிடைக்காத சொல்லை அவள் இரண்டு இலட்சம் அந்நியரிடம் தேடினாள்.

அந்த அந்நியரோ, மறுநாள் வேறொருத்தியின் கண்ணீருக்குப் போய்விட்டனர். முகநூல் நிறுவனம் 2012 ஜனவரியில் 6,89,003 பேரின் பக்கங்களில், அவர்கள் அறியாமலேயே, மகிழ்ச்சியான செய்திகளையோ வருத்தமான செய்திகளையோ குறைத்துக் காட்டி ஒரு வாரம் சோதித்தது. 2014-இல் அதன் முடிவு வெளியானபோது உலகெங்கும் கண்டனம் எழுந்தது. மகிழ்ச்சி குறைவாகக் காட்டப்பட்டவர்கள் தாங்களும் மகிழ்ச்சி குறைவாகவே எழுதினர் என்பது அம்முடிவு. மாற்றம் மிகச் சிறிது, ஆயினும் இருந்தது. ஆகவே 'பார்த்துவிட்டுப் போகிறேன், எனக்கென்ன?' என்று சொல்லும் சகோதரிகள் சற்று யோசிக்கலாம்.

அழுகைக்கு மட்டுமே இது பொருந்தும் என எண்ண வேண்டாம். மகிழ்ச்சிக்கும் மேடை போடப்படுகிறது. பெயர் குறித்துப் பேசுவது புறமாகிவிடக் கூடாதே என்ற அச்சத்தோடு, அவரே உலகறியச் செய்தவற்றை மட்டும் சொல்கிறேன். உணவு வீடியோக்களால் புகழ்பெற்ற யூடியூபர் இர்ஃபான், 2024 மே மாதம், துபாயில் பரிசோதனை செய்து தெரிந்துகொண்ட தம் பிறவாக் குழந்தையின் பாலினத்தை ஒரு கொண்டாட்டமாக நடத்தி வெளியிட்டார். சுகாதாரத் துறை நோட்டீஸ் அனுப்பியதும் வீடியோவை நீக்கி வருத்தம் தெரிவித்தார். அதே ஆண்டு அக்டோபரில், அறுவை அரங்கிற்குள் குழந்தையின் தொப்புள்கொடியைத் தாமே வெட்டும் காட்சியை வெளியிட, மீண்டும் நடவடிக்கை, மீண்டும் கண்டனம்.

தந்தையாகும் ஒருவரின் மகிழ்ச்சியை யாரும் பழிக்க மாட்டார்கள். ஆனால் 1994-ஆம் ஆண்டுச் சட்டம் ஏன் வந்தது என்பதை மற்ற ஊராரை விட நாம் அறிவோம். பெண் குழந்தை என்றால் கள்ளிப்பாலும் நெல்மணியும் தேடிய கொடுமையைத் தடுக்க, 1992-இல் சேலத்தில் தொட்டில் குழந்தைத் திட்டம் தொடங்கப்பட்டது. 2001-இல் அது தருமபுரிக்கும் விரிவாக்கப்பட்டது. கிருஷ்ணகிரி தனி மாவட்டமாகப் பிரிந்தது 2004-இல்தான். அன்று நாம் தருமபுரியே! இன்றளவும் தருமபுரி வட்டாரத்தில் சட்டவிரோத ஸ்கேன் கும்பல்கள் பிடிபட்ட செய்திகளைப் படிக்கிறோம். பெண் சிசுவை உயிரோடு புதைத்த அறியாமைக் காலத்தை எதிர்த்து வந்த மார்க்கத்தைச் சேர்ந்தவர், இலட்சக்கணக்கானோர் முன்னிலையில் அந்தத் திரையை விலக்கும்போது அதனைப் பார்ப்பவர் யார் யார் என்று ஒரு கணம் எண்ணியிருக்கலாம்.

நம் வாசல் வழியே ஓடும் சென்னை–பெங்களூரு நெடுஞ்சாலையில், காஞ்சிபுரத்தை அடுத்த தாமல் அருகே 2023 செப்டம்பர் 17 அன்று டி.டி.எஃப். வாசன் என்ற யூடியூபர் பைக்கின் முன்சக்கரத்தைத் தூக்கி ஓட்ட முயன்று விழுந்தார். அவரது ஓட்டுநர் உரிமம் பத்தாண்டுகளுக்குப் பறிபோயிற்று. அவர் பிழைத்தார். 2019 அக்டோபரில் ஊத்தங்கரை அருகே பாம்பாறு அணையில், கைகோத்து நீரில் நின்று செல்ஃபி எடுக்க முயன்ற ஒரே குடும்பத்தார் நால்வர் பிழைக்கவில்லை. ஒருத்தி புதுமணப் பெண். அவர்களுக்குப் புகழாசை என்று எவரும் சொல்ல முடியாது. ஒரு நல்ல படம் வேண்டியிருந்தது, அவ்வளவுதான். அதனால்தான் அந்த மரணங்கள் என்னை அதிகம் வாட்டுகின்றன.

இனி, நம் திண்ணைக்கு வருவோம். உம்ராவிற்குச் சென்றவர் கஅபாவுக்கு முதுகைக் காட்டி நின்று, கையேந்தி, கண்ணை மூடித் திரையில் தெரிகிறார். எங்கள் மதரஸாவில் ஒரு பிள்ளை குர்ஆனை ஓதி முடித்த மஜ்லிஸில் துஆ ஓதி ஆமீன் சொல்லியாயிற்று; 'பதிவாகவில்லை ஹஜ்ரத், அந்த அழுத இடத்தை மட்டும் இன்னொரு தடவை ஓதுங்கள்' என்று கேட்டார் ஓர் உறவினர். நல்ல மனிதர், கேட்பதன் பொருள் அவருக்கே தெரியவில்லை. இறையச்சம் உடையவன் போலக் கழுத்தைத் தொங்கவிட்டுக் கொண்டிருந்த ஒருவரை, கழுத்தை நிமிர்த்தும்படி ஹஸ்ரத் உமர் (ரலி) அவர்கள் அதட்டினார்கள் என்றும், பணிவின் இருப்பிடம் கழுத்தன்று, உள்ளமே என்று உணர்த்தினார்கள் என்றும் கிதாபுகளில் படித்திருக்கிறோம். கைபேசி இல்லாத காலத்திலும் கழுத்து இருந்தது!

இந்நோயை உள்ளிருந்து அறிந்தவர் ஹுஜ்ஜத்துல் இஸ்லாம் இமாம் கஸ்ஸாலி (ரஹ்) அவர்கள். பக்தாதின் நிஜாமிய்யாக் கல்லூரியில் முந்நூறு மாணவர்கள் அவர்கள் முன் அமர்ந்திருந்தனர். சுல்தான்களும் அமைச்சர்களும் மதித்த பதவி. 1095-ஆம் ஆண்டில், தாம் பாடம் நடத்துவது அல்லாஹ்வுக்காகவா, புகழுக்காகவா என்று தம் உள்ளத்தைத் துருவிப் பார்த்தார்கள். புகழே தம்மை உந்துகிறது என்று கண்டதும், ஏறத்தாழ ஆறு மாதம் போராடினார்கள். ஒருநாள் நாவே எழவில்லை, உணவும் இறங்கவில்லை. இறுதியில், குடும்பத்திற்குத் தேவையானதை வைத்துவிட்டுச் செல்வத்தைப் பகிர்ந்தளித்து, பக்தாதைத் துறந்தார்கள். துறவைக்கூட விளம்பரமாக்கவில்லை, மக்காவிற்குப் போவதாகச் சொல்லிவிட்டு ஷாம் தேசம் சென்று, டமாஸ்கஸ் பள்ளிவாசலின் மினாராவில் கதவை அடைத்துக்கொண்டு தனித்திருந்தார்கள். 'இனி வீடியோ போட மாட்டேன்' என்று வீடியோ போடுகிறவர் இதைப் படித்தால் நல்லது.

ஆனால், அதே இமாம் பதினொரு ஆண்டுகள் கழித்து 1106-இல் நைசாபூரில் மீண்டும் பாடம் நடத்த அமர்ந்தார்கள் என்பதையும் மறக்கலாகாது. ஆகவே கைபேசியை உடைத்தெறியுங்கள் என்று நான் சொல்ல வரவில்லை. வெளிப்படையாகக் கொடுக்கும் தர்மத்தையும் நல்லதென்றே கூறி, மறைவாகக் கொடுப்பதை அதனினும் மேலானதென வைத்தது நம் வேதம். 2024 ஏப்ரலில், சவூதிச் சிறையில் மரண தண்டனைக் கைதியாக இருந்த கோழிக்கோட்டு அப்துல் ரஹீமிற்காக, குருதிப் பணமாக 34 கோடி ரூபாயைக் கேரள மக்கள் திரட்டினர். சமூக ஊடகம் இல்லாதிருந்தால் அது இயன்றிருக்காது. எவ்வளவு சேர்ந்தது என்பதை ஒரு செயலி உடனுக்குடன் காட்டியது. தொகை நிறைந்ததும் வசூலை நிறுத்தினர். அவ்வாண்டு ஜூலையில் மரண தண்டனை ரத்தானது. அங்கும் உணர்ச்சி இருந்தது. கணக்கும் இருந்தது, முடிவும் இருந்தது.

பர்கூர்த் தாயாருக்கு நான் எழுதிய பதிலில், மகள் விடுப்பில் வரும்போது பாட்டியைப் பற்றி அவளோடு உட்கார்ந்து நெடுநேரம் பேசுங்கள், அவள் அழுதால் அழ விடுங்கள், வேலையிலிருந்து நிறுத்திவிட வேண்டாம் என்று குறிப்பிட்டேன். கூடவே அவளிடம் சொல்வதற்காக ஒரு நிகழ்ச்சியையும் எழுதினேன்.

அண்ணல் நபி (ஸல்) அவர்களின் அருமை மைந்தர் இப்ராஹீம், பால்குடி மாறாத வயதில் இறந்தார். குழந்தையை மடியில் ஏந்தியிருந்த அண்ணலாரின் கண்களிலிருந்து நீர் வழிந்தது. தாங்களுமா அழுகிறீர்கள் என்று வியந்த தோழருக்கு, இது இரக்கம் என்று விடை தந்தார்கள். அதே நாளில் சூரிய கிரகணம் பிடித்தது. கி.பி. 632 ஜனவரி 27 என்று வானியல் கணக்கர் அதனைக் குறிக்கின்றனர்.  நபியின் மகனுக்காகச் சூரியனும் துக்கம் காக்கிறான் என்று மக்கள் பேசத் தொடங்கினர். அண்ணலார் மக்களைக் கூட்டி நெடிய தொழுகை நடத்தினார்கள். பிறகு எழுந்து நின்று, எவருடைய மரணத்திற்காகவும் பிறப்பிற்காகவும் சூரிய சந்திரர்களைக் கிரகணம் பிடிப்பதில்லை என்று அறிவித்துவிட்டு இறங்கினார்கள்.